அக்கா பேசிய பன்னிரண்டு நிமிடம்

எங்கள் மகளிர் நிகழ்ச்சி பகல் பத்தரைக்கு ஒலிபரப்பாகும். அந்த நேரத்தில் எந்தத் தோட்டத்துப் பெண் வானொலிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பாள் என்று நேரம் குறித்தவர் யோசித்திருக்க மாட்டார். அவர் கொழும்புக்காரர், விட்டுவிடலாம். நான் கஹவத்தைக்கு மேலே, இறப்பர் தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தில் பிறந்தவள். பத்தரைக்கு அங்கே பெண்கள் எல்லாரும் வாளியைத் தூக்கிக்கொண்டு மலையில் மரம் மரமாகப் பால் சேர்த்துக்கொண்டிருப்பார்கள். வீட்டில் இருந்து வானொலி கேட்பது தோட்டத்து அலுவலகமான கந்தோரில் எழுதும் கிளாக்கர்மாரின் மனைவிமார்தான். இது எனக்குத் தெரியும். தெரிந்தும் யோசிக்கவில்லை. மடைச்சி, வேறென்ன சொல்ல.

நான் வானொலிக்குள் போனது தொண்ணூற்றிரண்டில். பகுதிநேர அறிவிப்பாளர் வேண்டும் என்று வானொலியிலேயே சொன்னார்கள். எழுதிப் போட்டேன், குரல் தேர்வுக்குக் கூப்பிட்டார்கள். கஹவத்தையில் முதல் பஸ் ஏறி, இரத்தினபுரியில் மாறி, கொழும்பில் இறங்கும்போது சேலை கசங்கிப்போய்விட்டது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த தயாரிப்பாளர் அம்மா யாழ்ப்பாணத்துக்காரர். நான் வாசித்து முடித்ததும் சொன்னார்:

“குரல் நல்ல குரல் பிள்ளை. ஆனா உந்த ‘வந்துச்சுங்க, போச்சுங்க’ எல்லாத்தையும் வாசலிலயே விட்டிட்டு வரவேணும்.”

விட்டுவிட்டு வந்தேன். ஆறு மாதத்தில் என் வாயிலிருந்து தோட்டம் போய்விட்டது. முதலில் கொடுத்த வேலை மரண அறிவித்தல் வாசிப்பது. இன்னாரின் அன்புக் கணவரும் இன்னாரின் பாசமிகு தந்தையும், இறுதிக் கிரியைகள் இத்தனை மணிக்கு. அழுகிற குரலில் வாசிக்கக் கூடாது, அவசரப்படவும் கூடாது. பெயரை மட்டும் தெளிவாக இரண்டு தரம் சொல்ல வேண்டும். இதற்கு நான் பொருத்தமானவள் என்று சீக்கிரமே கண்டுகொண்டார்கள். வாசிக்கும்போது எனக்குள் ஒன்றும் அசையவில்லை. அப்போது அதைத் திறமை என்று நினைத்தேன்.

அந்த அறிவித்தலை என்னைவிட நன்றாக வாசிப்பவள் என் அக்கா. மாலையில் லயத்து வாசலில் நின்று, சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு, அப்படியே என் குரலில் ஆரம்பிப்பாள். அடுத்த வீட்டு ஆளைக் கூப்பிட்டு, உயிரோடு இருக்கிற அவருக்கே மரண அறிவித்தல் வாசித்துவிடுவாள். லயமே சிரிக்கும். நான் ஊருக்குப் போனால் முதல் கேள்வி, “ஏன்டி, ‘காலமானார்’னு சொல்றப்பகூட ஒனக்கு மூச்சு பிசகலையே, நீ என்ன கல்லா?” என்பதுதான்.

அக்காவுக்கு எல்லாக் குரலும் வரும். துரையின் இருமல், கங்காணியின் ஏப்பம், கோழியைக் கூப்பிடும் கிழவியின் குரல். அதிலெல்லாம் சிறந்தது கந்தோர்க் கிளாக்கரின் குரல். அவர் தமிழர்தான். ஆனால் தொழிலாளி யாராவது ஜன்னலுக்கு வந்து நின்றால், பல்லுக்குள் ஈர்க்குச்சியை வைத்துக்கொண்டு, நிமிர்ந்துகூடப் பார்க்காமல், சிங்களத்தில் “பொட்டக் இன்ன” என்பார். கொஞ்சம் பொறு என்று அர்த்தம். அந்தக் கொஞ்சம் காலையிலிருந்து மத்தியானம் வரை போகும். அக்கா நாக்கைப் பல்லில் மடித்து “பொட்டக் இன்ன” என்றால் கிளாக்கரே பின்னால் வந்து நிற்கிறாரோ என்று திரும்பிப் பார்ப்போம்.

எங்கள் அம்மா செத்தபோது அக்காவுக்குப் பதினாறு, எனக்கு ஒன்பது. அப்பா அதற்கு முன்பே இல்லை. அக்கா பால்வெட்டில் பேர் பதிந்தாள், நான் பள்ளிக்கூடம் போனேன். தோட்டத்தில் பேர் பதிவது என்றால் செக்ரோல் என்ற சம்பளப் பேரேட்டில் பெயர் ஏறுவது. பெயர் இருந்தால் வேலை இருக்கும், வேலை இருந்தால் லயத்தில் குடியிருக்க ஒரு காம்பரா, ஓர் அறை, இருக்கும். பெயரை வெட்டினால் இரண்டும் போய்விடும். நான் படித்த ஒவ்வொரு வகுப்பும் அந்தப் பேரேட்டில் இருந்த அக்காவின் பெயரில்தான் நின்றது. இதை அவள் ஒருநாளும் சொல்லிக்காட்டியதில்லை. சொல்லிக்காட்டியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

தொண்ணூற்றைந்தில் அக்காவுக்கு இரண்டாவது பிரசவம். காலையில் வலி எடுத்தது. ஆஸ்பத்திரிக்குப் போகத் தோட்டத்து லொறியை விட்டால் வேறு வாகனம் இல்லை. லொறி பால் ஏற்றிக்கொண்டு நின்றது. அக்காவின் புருஷன் கந்தோர் ஜன்னலுக்கு ஓடினார். பொட்டக் இன்ன. திரும்பவும் ஓடினார். பொட்டக் இன்ன. பால் நின்றால் கட்டிதட்டிப்போய்விடும், அதனால் லொறி முதலில் தொழிற்சாலைக்குப் போய்விட்டு வந்தது. பாதி வழியில், பால் வாடை அடிக்கிற லொறியின் பின்தட்டில், பெண் குழந்தை பிறந்தது. அழவில்லை.

மறு வருடம் மகளிர் நிகழ்ச்சியில் தோட்டப் பெண்களின் பிரசவம் பற்றிப் பேசவேண்டும் என்று முடிவாயிற்று. தயாரிப்பாளர் அம்மா என்னைப் பார்த்தார். நானும் சரியென்றேன். சும்மா சொல்லக் கூடாது, எனக்கு ஆசையும் இருந்தது. அறிவித்தல் வாசித்துக்கொண்டிருந்தவளுக்குச் சொந்தமாக ஒரு நிகழ்ச்சி. ஒலிப்பதிவுக் கருவியைத் தோளில் மாட்டிக்கொண்டு ஞாயிற்றுக்கிழமை லயத்துக்குப் போனேன். அக்கா அடுப்படியில் இருந்தாள்.

“பேரு வராதுல்ல?” என்றாள்.

“ஒரு பேரும் வராதுக்கா. ஒம் பேரு, தோட்டத்துப் பேரு, யாரு பேருமே வராது. நான் பாத்துக்கிறேன்.”

“நீ பாத்துக்கிறேன்னா சரி.”

பேச ஆரம்பித்தாள். முதலில் மைக்கைப் பார்த்துக் கூச்சப்பட்டாள். பிறகு அது இருப்பதையே மறந்துவிட்டாள். அழவே இல்லை. லொறி, ஜன்னல், பால் வாடை எல்லாவற்றையும் சாமான் வாங்கிவந்த கதையைச் சொல்வதுபோல் சொன்னாள். கிளாக்கரின் இடம் வந்ததும் அவளை அறியாமலே அந்தக் குரல் வந்துவிட்டது, ஈர்க்குச்சி சகிதம். கடைசியில், குழந்தைக்கு வைக்க நினைத்திருந்த பெயரைச் சொன்னாள். “யார்கிட்டயும் சொன்னதில்ல. மாமாகிட்டகூட. செத்துப் பொறந்ததுக்குப் பேரு எதுக்கும்பாங்க,” என்றாள். மாமா என்றது அவள் புருஷனை.

நிலையத்தில் அதைப் பெரிய நாடாவுக்கு மாற்றி வெட்டி ஒட்டினேன். அந்தக் காலத்தில் பிளேடால்தான் வெட்டுவோம். பெயர் வரும் இடத்தை நாடாவில் கண்டுபிடித்து, வெள்ளைப் பென்சிலால் கோடு போட்டு, அறுத்து எடுத்துவிட்டு, இரண்டு நுனியையும் சேர்த்து ஒட்ட வேண்டும். அக்காவின் பெயரை வெட்டினேன். தோட்டத்தின் பெயரை, டிவிஷன் பெயரை, கிளாக்கரின் பெயரை வெட்டினேன். குழந்தையின் பெயரையும் வெட்டினேன். ஒரு பெயரும் வராது என்று சொல்லியிருந்தேனே. விரல் நீளம்கூட இல்லாத துண்டுகள் காலடியில் கிடந்தன, மாலையில் கூட்டுகிறவர் கூட்டிக்கொண்டு போனார். மூலக் கசெட்டில் அடுத்த வாரம் வட்டிலப்பம் செய்முறை பதிந்தோம்.

கிளாக்கரின் குரலை மட்டும் வெட்டவில்லை. நிகழ்ச்சியிலேயே உயிரான இடம் அதுதான் என்று தயாரிப்பாளர் அம்மா சொன்னார். எனக்கும் அப்படித்தான் பட்டது. பெயரை எடுத்துவிட்டால் ஆள் மறைந்துவிடுவான் என்பது கொழும்புக் கணக்கு. மலையில் மரத்துக்கு மரம் நின்று ஒருத்தியை ஒருத்தி கூவிக் கூப்பிடுகிற இடத்தில், முகம் தெரியாத மூடுபனியிலும் இது யார் குரல் என்று சின்னப் பிள்ளை சொல்லிவிடும். நானே சொல்லியிருக்கிறேன், ஐந்து வயதில். அந்த என்னை வாசலிலேயே விட்டுவிட்டு வந்திருந்தேன்.

பன்னிரண்டு நிமிடம் ஒலிபரப்பாயிற்று. நிலையத்தில் கைகொடுத்தார்கள். அந்த வாரக் கடைசியில் ஊருக்குப் போனேன். கஹவத்தையில் பஸ்ஸை விட்டு இறங்கி, எப்போதும் பிஸ்கட் வாங்கும் கடைக்குப் போனேன். கடை முதலாளி வயதான முஸ்லிம் மனிதர். பார்சலைக் கட்டிக்கொண்டே,

“புள்ள, ஒங்கட அக்கா ரேடியோவில பேசினத கேட்ட. நல்லாத்தான் பேசின. அந்த ஐயாட சத்தம் அப்பிடியே தானே!” என்றார்.

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், முதலில் எனக்குச் சந்தோஷம்தான் வந்தது. மீதிக் காசை வாங்கிப் பையில் போட்ட பிறகுதான் உறைத்தது. கடைக்காரருக்கே தெரிந்திருக்கிறது. கந்தோருக்கு எப்போது தெரிந்திருக்கும்?

அக்கா வெளியே உட்கார்ந்து அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். சனிக்கிழமையும் தோட்டத்தில் வேலை நாள்தான், அந்த நேரத்தில் அவள் வீட்டில் இருந்து நான் பார்த்ததில்லை.

“பாலுல தண்ணி கலந்துட்டேனாம்,” என்றாள். “நிறுக்கிற எடத்துல என் வாளிய மட்டும் தனியா வச்சு, அளவுக் குழாய விட்டுப் பாத்தாங்க. தண்ணியாம். பேர வெட்டிட்டாங்க.”

“ரேடியோவப் பத்தி ஏதாச்சும் சொன்னாங்களாக்கா?”

“ம்ஹும். அவங்களும் சொல்லல, நானும் கேக்கல. தண்ணின்னா தண்ணி.” கல்லைச் சுண்டி எறிந்தாள். “பதினாலு வருசமா வெட்டுறேன்டி. தண்ணி கலக்குறவன்னு இப்பத்தான் பேரு வாங்கினேன்.”

பால்வெட்டுக்காரிக்கு அதைவிட அவமானம் கிடையாது. எனக்கு அழுகை வரும் என்று எதிர்பார்த்தேன். வரவில்லை. காது அடைத்துக்கொண்ட மாதிரி இருந்தது, அவ்வளவுதான். அக்கா அதற்குள் அந்த நிகழ்ச்சியைக் கேட்டிருக்கவும் இல்லை. அது ஒலிபரப்பானபோது அவள் மலையில் இருந்தாள். கடையும் கந்தோரும் கேட்ட அவள் பேச்சை அவள் கேட்கவில்லை.

தோட்டத்துத் தொழிற்சங்கத் தலைவர் சாயந்தரம் வந்தார். அவர் சொன்னது தெளிவான விஷயம். “தண்ணி கலந்ததுக்கு வெட்டல, ரேடியோல பேசினதுக்குத்தான் வெட்டுனாங்கன்னு நாம காட்டணும். அந்த டேப்ப நீங்க கொண்டாங்க. தொழில் கந்தோர்ல போட்டுக் காட்டுவோம். தேதியும் இருக்கு, கிளாக்கர் கொரலும் இருக்கு. பேரத் திரும்பப் பதியாம எங்க போவாங்க?”

“கொண்டாறேன்,” என்றேன். அக்காவின் பெயரில் இருந்த காம்பராவைக் காலி பண்ண ஒரு மாதம் கொடுத்திருந்தார்கள்.

திங்கட்கிழமை நிலையத்தில் தயாரிப்பாளர் அம்மா கதவைச் சாத்திவிட்டுக் கேட்டார். “தோட்டக் கொம்பனியில இருந்து கடிதம் வந்திருக்கு. ஆர் பேசினது எண்டு கேட்கினம். உம்மட சொந்தக்காரரோ?”

அந்த மாதம்தான் எனக்கு நிரந்தர நியமனத்துக்கு நேர்முகம் இருந்தது. நான்கு வருடம் பகுதிநேரம். சொந்த அக்காவைப் பேசவைத்துத் தோட்டத்தின்மேல் பழி போட்டாள் என்று கோப்பில் ஒரு வரி ஏறினால் போதும்.

“இல்லை மேடம். லயத்தில் யாரோ ஒருத்தர்,” என்றேன். அறிவித்தல் வாசிக்கும் குரலில் சொன்னேன். மூச்சு பிசகவில்லை.

“அப்ப சரி. நாடா தேவையில்லையெண்டா அழிச்சுப்போட்டு ஸ்டோருக்குக் குடும்.”

தேவையில்லையென்றால். அவர் என்னை வற்புறுத்தவில்லை, அதை எழுதியே ஆக வேண்டும். ஒலிபரப்பான நாடாவை அழித்துத் திரும்பப் பாவிப்பது நிலையத்தின் வழக்கம். அதற்கென்று ஒரு மின்காந்தத் தட்டு இருந்தது. நாடாவை அதன்மேல் வைத்து மூன்று சுற்றுச் சுற்றினால் போதும். நான் சுற்றினேன். ஆதாரம் இல்லாவிட்டால் அக்காவை மேலும் தொந்தரவு செய்ய மாட்டார்கள் என்று எனக்குள் சொல்லிக்கொண்டே சுற்றினேன். லேபலைச் சுரண்டினேன். ஸ்டோரில் கையெழுத்து வைத்துவிட்டுப் போய்த் தேநீர் குடித்தேன்.

அக்காவிடம் சொன்னது வேறு. “டேப்ப எங்கயோ வச்சுட்டாங்கக்கா. தேடிக்கிட்டு இருக்கேன். கொஞ்சம் பொறு.” தலைவரிடமும் அதேதான். ஒரு மாதம் அதைச் சொல்லியே ஓட்டினேன். கடைசி வாரத்தில் நான் ஊருக்கே போகவில்லை. காம்பராவைக் காலி பண்ணிக்கொண்டு அவர்கள் எம்பிலிப்பிட்டியவுக்குப் போனார்கள். அங்கே வாழைத் தோட்டத்தில் காவலுக்கு ஆள் வேண்டும் என்று அக்காவின் புருஷனுக்கு யாரோ சொல்லியிருந்தார்கள். அடுத்த வருடம் அக்கா வெளிநாட்டுக்கு வீட்டு வேலைக்குப் போனாள்.

எனக்கு நியமனம் கிடைத்தது. மகளிர் நிகழ்ச்சியிலிருந்து செய்திப் பிரிவுக்கு மாற்றினார்கள். அதன் பிறகு நடந்ததைச் சொல்ல அதிகமில்லை. காலைச் செய்தி, பிறகு பிரதான செய்தி, பிறகு செய்தி ஆசிரியர் நாற்காலி. யுத்தம் நடந்துகொண்டிருந்தது, வந்ததை வாசித்தேன். இத்தனை பேர் என்று தாளில் இருக்கும், இத்தனை பேர் என்று சொல்வேன். புதிதாக வரும் பெண்கள் சில நாள் கழிப்பறையில் போய் அழுதுவிட்டு வருவார்கள். “அக்கா, உங்களால எப்படி முடியுது?” என்று கேட்பார்கள். பழகிவிடும் என்று சொல்வேன். பழகியதல்ல அது. ஒரு திங்கட்கிழமை பகலில் என் கையாலேயே மூன்று சுற்றுச் சுற்றி அழித்தது.

இரண்டாயிரத்து ஒன்பதில் யுத்தம் முடிந்ததாகச் செய்தி வாசித்தோம். அந்த மாதம் முழுக்க ஓயாமல் வாசித்தேன். வீதியில் வெடி கொளுத்தினார்கள். எனக்குச் சந்தோஷமும் இல்லை, துக்கமும் இல்லை, பசியும் இல்லை. வைத்தியர் ஓய்வெடுக்கச் சொன்னார். எங்கே போவது என்று தெரியாமல் எம்பிலிப்பிட்டிய பஸ்ஸில் ஏறினேன்.

அக்கா வெளிநாட்டிலிருந்து ஒரேயடியாக வந்து இரண்டு வருடமாகியிருந்தது. வாழைக்குப் பக்கத்தில் தகரக் கூரை போட்ட சின்ன வீடு. மூத்த மகளைக் கட்டிக்கொடுத்துவிட்டார்கள். அக்காவின் முன்தலை முழுக்க நரைத்திருந்தது. புருஷன் சந்தைக்குப் போயிருந்தார். “ரேடியோக்காரி வந்துட்டா!” என்று சிரித்துக்கொண்டு என் பையை வாங்கிக்கொண்டாள். சோறு போட்டாள். நான் சாப்பிட்டு முடித்துக் கை கழுவியதும் கேட்டாள்:

“அந்த டேப்பு கெடச்சுச்சா?”

பதின்மூன்று வருடம். நான் மறந்துவிட்டேன் என்று நினைத்திருந்தேன். அவளும் மறந்திருப்பாள் என்று நினைத்திருந்தேன்.

“வழக்குக்கு இல்லடி,” என்றாள். “அதெல்லாம் போச்சு. கேக்கணும், அவ்வளவுதான். ஊரே கேட்டுச்சு, நான் கேக்கல. என்ன பேசினேன்னே ஞாபகம் இல்ல. அந்த அரபு வீட்டுல தனியாத் தொடச்சுக்கிட்டு இருக்கிறப்ப நெனப்பேன், போனதும் மொதல்ல அதப் போட்டுக் கேக்கணும்னு.”

வாய் தானாகச் சொல்லிவிட்டது. “தேடிப் பாக்கிறேன்க்கா. கொஞ்சம் பொறு.”

அக்கா என்னைப் பார்த்தாள். நாக்கைப் பல்லில் மடித்தாள். ஈர்க்குச்சி இல்லாமலே ஈர்க்குச்சி வந்தது.

“பொட்டக் இன்ன,” என்றாள்.

அச்சு அசல் அவர்தான். சிரிக்கப் பார்த்தேன், முடியவில்லை. எத்தனையோ வருடத்துக்குப் பிறகு எனக்கு வலித்தது.

“நான்தான்க்கா அழிச்சேன்,” என்றேன். “கடிதம் வந்த அன்னிக்கே. என் வேலைக்காக. ஒன்னைய யாருன்னே தெரியாதுன்னு சொல்லிட்டேன்.” தோட்டத்துப் பேச்சில்தான் சொன்னேன். வேறு பேச்சில் அதைச் சொல்ல வராது.

அவள் திட்டுவாள் என்று காத்திருந்தேன். திட்டவில்லை. தட்டை எடுத்து வைத்தாள், தரையில் சிந்தியிருந்த சோற்றைப் பொறுக்கினாள்.

“எல்லாமேவா?”

“எல்லாமே.”

“கடைசில பாப்பா பேரச் சொன்னேனே, அதுவும் போச்சா?”

“அது... அத நான் மொதல்லயே வெட்டிட்டேன்க்கா. ரேடியோலயே வரல. பேரு எதுவும் வராதுன்னு சொன்னேன்ல.”

அக்கா பொறுக்கிய சோற்றை வாழைப் பக்கம் எறிந்தாள். “அப்ப ஒனக்கு மட்டுந்தான் சொல்லிருக்கேன்,” என்றாள். பிறகு திரும்பி, “என்ன பேரு, சொல்லு?” என்று கேட்டாள்.

ஆயிரக்கணக்கான பெயர்களை ஒவ்வொன்றும் இரண்டு தரம் தெளிவாக வாசித்தவள் நான். அந்த ஒரு பெயர் எனக்கு ஞாபகம் இல்லை.

அக்கா காத்திருந்து பார்த்தாள். பிறகு எழுந்து தட்டைக் கழுவப் போனாள். பெயரை அவள் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.